தையல் மெஷின் மேல் மடிக்கணினி: உட்லண்ட்ஸில் எட்டு நாள்

முதல் நாள், திங்கள், ஆகஸ்ட் 4

பினாங்கிலிருந்து இரவெல்லாம் ஓடிய பேருந்து காலை நாலரை மணிக்கு மலேசிய எல்லையில் உள்ள ஜொகூர் பாருவின் லார்க்கின் நிலையத்தில் இறக்கிவிட்டது. அங்கிருந்து சோதனைச்சாவடிக்கு வந்தால், விடியவே இன்னும் இரண்டு மணி நேரம் இருக்கையில், திருவிழாக் கூட்டம். அங்கிருந்து சிங்கப்பூரின் உட்லண்ட்ஸுக்கு வரும் ஜொகூர் பாலத்தை ஒரு நாளில் 3 லட்சத்துக்கும் அதிகமானவர்கள் கடக்கிறார்கள் என்பதைச் செய்தியில் கேட்டே வளர்ந்தவள் நான், உட்லண்ட்ஸ்காரி, ஆனாலும் அந்த நேரத்தில் அந்த வரிசைக்குள் நின்றது இதுதான் முதல் தடவை. பாலத்தில் மோட்டார் சைக்கிள்கள் முட்டி மோதி ஊர்ந்துகொண்டிருந்தன. காற்று நெஞ்சில் அடிக்காமல் இருக்க ஜாக்கெட்டை முன்பக்கம் பின்பக்கமாக மாட்டிக்கொண்டு எத்தனை பேர்!

950 பேருந்து வரிசையில் எனக்கு முன்னால் நின்றவர் ஜொகூரைச் சேர்ந்த ஓர் அக்கா. உட்லண்ட்ஸில் மின்னணுத் தொழிற்சாலையில் வேலை, காலை 7 மணி ஷிப்ட், பதினோரு வருடமாக இதே வரிசை. தினமும் மூணரைக்கு எழுந்துவிடுவாராம். என் முதுகுப்பையைப் பார்த்துவிட்டு, "நீங்க எங்கம்மா வேலை செய்றீங்க?" என்றார். கம்ப்யூட்டர் வேலைக்கா, எங்கேயிருந்து வேண்டுமானாலும் செய்யலாம் என்றேன்.

"அப்படின்னா ஏம்மா இந்த நேரத்துல இங்க வந்து நிக்கிறீங்க?"

கேலியாகக் கேட்கவில்லை, நிஜமாகவே புரியாமல் கேட்டார். நான் வாயைத் திறப்பதற்குள் வரிசை நகர்ந்துவிட்டது. அந்தப் பதிலைத்தான் இந்த எட்டு நாளும் எழுதிப் பார்க்கப்போகிறேன்.

என்னைத் தெரியாதவர்களுக்கு: வயது 34. மென்பொருளுக்கான பயனர் கையேடு எழுதுவது என் தொழில். சிங்கப்பூரில் அலுவலகத்தில் இதே வேலையை ஆறு வருடம் பார்த்துவிட்டு, இரண்டு வருடத்துக்கு முன்னால் விட்டுவிட்டேன். இப்போது ஜெர்மனியில் உள்ள ஒரு சிறு நிறுவனத்துக்கு ஒப்பந்தத்தில் எழுதுகிறேன். முதலில் சியாங் மாய், இப்போது பினாங்கு. டிஜிட்டல் நாடோடி என்கிறார்கள். கேட்க நன்றாகத்தான் இருக்கிறது.

அம்மா வீடு நாலறை வீவக வீடு, அதாவது அரசின் வீடமைப்பு வளர்ச்சிக் கழக அடுக்குமாடி வீடு. ஓர் அறையில் அம்மா, ஓர் அறையில் தம்பியும் அவன் மனைவியும், மூன்றாவது அறை ஒரு காலத்தில் என்னுடையது, இப்போது தம்பி பிள்ளைகள் இரண்டு பேருக்கு. எனக்கு ஹாலில் மெத்தை. தூங்க அது போதும். ஜெர்மனியில் காலை 10 மணி என்றால் இங்கே மாலை 4. அந்த 4 மணிக் கூட்டம்தான் என் நாளைத் தாங்கும் ஆணி, அது தினமும் உண்டு, அதில் நான் வாய் திறந்து பேசியாகவேண்டும். பிள்ளைகள் பள்ளி விட்டு வந்து சாப்பிடுவது, தொலைக்காட்சி போடுவது, சண்டை போடுவது எல்லாமே அதே நேரம்.

மூணரை மணிக்கு நான் மடிக்கணினியை வைத்துக்கொண்டு வீடு முழுக்கச் சுற்றுவதைப் பார்த்த அம்மா ஒன்றும் சொல்லாமல் தன் அறைக்குள் போய் தையல் மெஷினின் தலையை உள்ளே மடக்கி, பலகையை மூடி, மேலே ஒரு துண்டை விரித்தார். "இங்க உட்காரு. கதவைச் சாத்திக்கோ."

நாங்கள் படித்தது அந்த மெஷினில்தான். புளோக்கில் பாதிப் பேருக்கு அம்மா ரவிக்கை தைத்துக் கொடுத்திருக்கிறார். அதன் மேல் கணினியை வைக்க ஒருமாதிரி இருந்தது, ஆனால் மணி 3:50. கூட்டத்தில் பேசிக்கொண்டிருக்கும்போதே என்னை அறியாமல் கால் பெடலை மிதித்திருக்கிறேன். கீச் கீச் என்று சக்கரம் சுற்றுகிறது. ஹாம்பர்க்கில் உட்கார்ந்திருக்கும் மேலாளர், அங்கே பறவை வளர்க்கிறீர்களா என்று கேட்டார். கூட்டம் முடிந்ததும் அம்மா ஒரு ரவிக்கைத் துணிக் கிழிசலை எடுத்து வந்து, தரையில் உட்கார்ந்து, பெடலை மெஷின் காலோடு சேர்த்து இரண்டு முடிச்சுப் போட்டுக் கட்டினார்.

இரண்டாம் நாள், செவ்வாய்

இன்று அம்மாவுக்குத் தொந்தரவு வேண்டாமென்று காலையிலேயே வெளியே கிளம்பிவிட்டேன். காரிடாரில் வீட்டுக்கு வீடு தேசியக்கொடி தொங்குகிறது, ஒன்பதாம் தேதி தேசிய தினம் வருகிறதே.

சிங்கப்பூரில் இணையம் ஒரு பிரச்சினையே இல்லை. சியாங் மாயில் மழை பெய்தால் மின்சாரம் போகும், கைப்பேசி இணையத்தை நம்பிக் கூட்டத்துக்குப் போன நாள்கள் உண்டு. இங்கே அந்தப் பயமே கிடையாது, பொது இடத்தில்கூட இலவச வைஃபை கிடைக்கும். கிடைக்காதது, சத்தம் போடாத ஓர் இடத்தில் நாம் மட்டும் சத்தமாகப் பேச உரிமை.

முதலில் உட்லண்ட்ஸ் வட்டார நூலகம். பள்ளி நாளில் தமிழ்ப் புத்தக அலமாரிப் பக்கமே கதியாகக் கிடந்த இடம் அது, உள்ளே போனதும் மனது தானாக அமைதியானது. மூன்று மணி நேரம் நன்றாக எழுதினேன், ஒரு முழு அத்தியாயம் முடிந்தது. எழுதுகிற வேலைக்கு இந்த ஊரில் நூலகத்தை மிஞ்சிய இடம் இல்லை, காசும் இல்லை. ஆனால் ஒரு பிளக் பாயிண்டுக்காக மாணவர்கள் திறக்கும் நேரத்திலேயே வந்து காத்திருக்கிறார்கள். அதோடு, அங்கே பேசவும் கூடாது.

அப்புறம் பேரங்காடியில் ஒரு கஃபே. கூட்ட நேரத்தில் படிப்பதற்கும் மடிக்கணினிக்கும் அனுமதி இல்லை என்று மேசையிலேயே அட்டை. அவர்களைக் குறை சொல்ல மாட்டேன். 7 வெள்ளி (சிங்கப்பூர் டாலர்) காப்பி ஒன்றை வாங்கிவிட்டு நாலு மணி நேரம் உட்கார்ந்தால் அந்த வாடகையை யார் கொடுப்பது? அடுத்தது காப்பிக்கடை. கோப்பி சி, சீனி குறைச்சு, ஒரு வெள்ளி எண்பது காசு. யாரும் எழுந்திருக்கச் சொல்ல மாட்டார்கள், ஆனால் மின்விசிறிச் சத்தம், தட்டுகள் மோதும் சத்தம், பக்கத்து மேசையில் ஹொக்கியென் சீனத்தில் வாதம். கூட்டத்துக்கு ஆகாது.

3:40க்கு ஏதோ ஒரு புளோக்கின் கீழ்த்தளத்தில் வந்து நின்றேன். சதுரங்கக் கட்டம் பதித்த கல் மேசை, வட்டமான கல் முக்காலிகள். மடிக்கணினியைக் கட்டங்களின் மேல் வைத்துவிட்டு 4 மணிக் கூட்டத்தை அங்கேயே முடித்தேன். மைனாக்கள் கத்தின, தள்ளுவண்டியில் எரிவாயு உருளை போயிற்று, ஆனாலும் முடிந்தது. கொஞ்ச தூரத்தில் இன்னொரு மேசையில் இரண்டு தாத்தாக்கள் சீனச் சதுரங்கம் ஆடிக்கொண்டிருந்தார்கள். நான் பேச ஆரம்பித்ததும் அவர்களில் ஒருவர் திரும்பிப் பார்த்துவிட்டு, காய்களை ஓங்கி வைக்காமல் மெதுவாக வைக்க ஆரம்பித்தார். ஒரு மணி நேரமும் அப்படியே ஆடினார். கூட்டம் முடிந்து எழுந்தபோது 'தேங்க்யூ அங்கிள்' என்று சொல்லிவிட்டு வந்தேன், வேறென்ன செய்ய.

மூன்றாம் நாள், புதன்

கீழ்த்தளத்தில் நேற்று பேட்டரி 11 சதவீதம் வரை இறங்கிவிட்டது. அதனால் இன்று காசு கொடுத்து உட்காரலாம் என்று நகருக்குள் ஒரு பகிர்வு அலுவலகத்துக்குப் போனேன். ஒரு நாளுக்கு 38 வெள்ளி. ரயில், சாப்பாடு சேர்த்தால் 50ஐத் தாண்டியது. மேசை நல்ல மேசை, நாற்காலி முதுகுக்கு இதம். பேசுவதற்குக் கண்ணாடிக் கூண்டு மூன்று இருந்தன, ஆளுக்கு அரை மணி நேரம்தான். என் கூட்டம் ஒரு மணி நேரம் ஓடும். முப்பதாவது நிமிடத்தில் வெளியே ஒருவர் வந்து கைக்கடிகாரத்தைத் தட்டிக் காட்டினார். கணினியைக் கையில் தூக்கிக்கொண்டு, காதில் மாட்டியது மாட்டியபடியே அவசரப் படிக்கட்டுக்கு ஓடினேன். மீதிக் கூட்டம் அங்கேதான், படியில் உட்கார்ந்து.

நேற்று எழுதியதைப் படித்த தோழி ஒருத்தி, "இவ்வளவு கஷ்டம்னா ஒரு மாசத்துக்கு ஒரு ரூம் எடுத்துக்க வேண்டியதுதானே" என்று செய்தி அனுப்பியிருந்தாள். சிங்கப்பூரில் அது நடக்காது. வீவக வீட்டில் அறை வாடகைக்கு விடுவதென்றால் குறைந்தது 6 மாதம். தனியார் குடியிருப்பில் குறைந்தது 3 மாதம். அதற்குக் குறைவாக விட அனுமதி இல்லை, மற்ற ஊர்களில் செயலியைத் திறந்து பத்து நாளுக்கு ஒரு வீடு பிடிப்பதுபோல இங்கே பிடிக்க முடியாது. சர்வீஸ் அபார்ட்மென்ட் எனப்படும் அடுக்குமாடி விடுதிகளில் 7 நாளிலிருந்து கிடைக்கும், விலையைப் பார்த்துவிட்டு நான் மூடிவிட்டேன். வேறு நாட்டிலிருந்து வந்து சில மாதம் இங்கே உட்கார்ந்து வேலை பார்க்கலாமா என்று கேட்பவர்களுக்கும் ஒன்று சொல்கிறேன்: சிங்கப்பூரில் நாடோடிகளுக்கென்று தனி விசா கிடையாது. இங்கே வேலை செய்ய வேலை அனுமதி வேண்டும், எம்ப்ளாய்மென்ட் பாஸ் என்றால் 2025 ஜனவரி முதல் மாதச் சம்பளம் குறைந்தது 5,600 வெள்ளி, நிதித்துறை என்றால் 6,200. இணையத்தில் யாரோ சொன்னார்கள் என்று சுற்றுலா அனுமதியில் வந்து கணினியைத் திறந்து வைத்துக்கொள்ளாதீர்கள், மனிதவள அமைச்சின் தளத்தைப் படித்துவிட்டு முடிவு செய்யுங்கள்.

சுற்றுவட்டார நாடுகள் இதில் வேறுமாதிரி. தாய்லாந்து 2024 ஜூலையில் டிடிவி விசாவைக் கொண்டுவந்தது. 5 வருடம் செல்லும், ஒரு தடவைக்கு 180 நாள், வங்கியில் 5 லட்சம் பாட் காட்டவேண்டும். என் சேமிப்பில் பெரும்பகுதி அந்த 5 லட்சத்தைக் காட்டுவதற்காகவே தொடாமல் கிடந்தது. மலேசியாவின் டிஇ ரந்தாவ் என்ற நாடோடி அனுமதி 2022லிருந்து இருக்கிறது, தொழில்நுட்பத் துறைக்காரர்கள் ஆண்டுக்கு 24,000 அமெரிக்க டாலர் வருமானம் காட்டினால் 3 முதல் 12 மாதம் வரை. இந்தோனேசியா 60,000 டாலர் கேட்கிறது. எல்லாவற்றுக்கும் வங்கி அறிக்கை, ஒப்பந்தக் கடிதம், காப்புறுதி என்று ஒரு கோப்பு வேண்டும். என்னிடம் அந்தக் கோப்பு ஒன்று இருக்கிறது, துணிமணியை விட்டாலும் அதை விடமாட்டேன்.

சியாங் மாய் எனக்கு மிகவும் பிடித்த ஊர். ஆனால் பிப்ரவரியிலிருந்து ஏப்ரல் வரை வயலையும் காட்டையும் எரிக்கும் புகை அங்கே இறங்கி நிற்கும், எதிரே இருக்கும் மலை கண்ணுக்குத் தெரியாது. இருமிக்கொண்டே எழுதினேன். மார்ச் மாதம் ஓர் இரவு மூச்சு வாங்கிப்போய் தனியாக மருத்துவமனைக்குப் போனேன், உள்நோயாளிப் படிவத்தில் 'அவசரத்துக்கு யாரை அழைப்பது' என்ற கட்டத்தில் அம்மாவின் எண்ணை எழுதிவிட்டு, 2,000 கிலோமீட்டருக்கு அப்பால் இருக்கும் அம்மா வந்து என்ன செய்யமுடியும் என்று அதையே பார்த்துக்கொண்டிருந்தேன். அடுத்த வாரமே பினாங்குக்கு மாறிவிட்டேன்.

நான்காம் நாள், வியாழன்

இன்று வெளியே போகவில்லை. கையேடு நாளை வெளியாகிறது, மதியம் 2 மணியிலிருந்து இரவு ஒன்றே கால் வரை தையல் மெஷின் முன்னால்தான். அம்மா தன் அறையிலேயே தூங்காமல் ஹாலில் என் மெத்தையில் படுத்துவிட்டார். அதைக்கூட நான் தண்ணீர் குடிக்க எழுந்தபோதுதான் கவனித்தேன்.

ஐந்தாம் நாள், வெள்ளி

ஆடி வெள்ளி. காலையில் அம்மாவோடு மார்சிலிங் சிவகிருஷ்ணா ஆலயத்துக்குப் போனேன். எலுமிச்சை விளக்கு ஏற்றப் பெண்கள் வரிசை. எதிர் வீட்டு ஆன்ட்டி அங்கே பார்த்துவிட்டு, "எப்ப வந்தே? இப்ப எந்த நாடு?" என்று கேட்டார். பினாங்கு ஆன்ட்டி என்றேன். "அங்க ஆபீசா?" இல்லை, வீட்டிலிருந்து. "யார் வீடு?" வாடகை வீடு. ஆன்ட்டி அம்மாவைப் பார்த்தார், அம்மா பிரசாதத்தைப் பார்த்தார். இரண்டு வருடமாக அம்மா இந்தக் கேள்விகளுக்குத் தனியாகப் பதில் சொல்லிக்கொண்டிருக்கிறார் என்பது அப்போதுதான் உறைத்தது.

கோயிலிலிருந்து வந்ததும் வங்கிக்கு அழைத்தேன். சொல்லவேண்டிய விஷயம் இதுதான், கொஞ்சம் பொறுமையாகப் படியுங்கள்.

எனக்கு நவம்பரில் 35 ஆகிறது. சிங்கப்பூரில் திருமணமாகாத குடிமக்கள் 35 வயதானால்தான் தனியாக வீவக வீடு வாங்கமுடியும். 2024 அக்டோபரிலிருந்து எங்களைப் போன்றவர்கள் புதிய ஈரறை ஃபிளெக்சி வீட்டுக்கு எந்த வட்டாரத்திலும் விண்ணப்பிக்கலாம். உட்லண்ட்ஸில், அம்மாவுக்குப் பக்கத்தில், ஒரு மேசை போட இடமுள்ள வீடு! இருபது வயதிலிருந்தே மனதில் உள்ள கணக்கு இது. வங்கி அதிகாரி நன்றாகத்தான் பேசினார். சம்பளச் சீட்டு இருக்கிறதா? இல்லை, ஒப்பந்தம். அப்படியென்றால் இரண்டு வருட வரி மதிப்பீட்டுக் கடிதம் வேண்டும். தாய்லாந்திலும் மலேசியாவிலும் உட்கார்ந்து ஜெர்மன் நிறுவனத்துக்குச் செய்த வேலை இங்குள்ள மதிப்பீட்டுக் கடிதத்தில் வராது. இரண்டு வருடம் நான் உழைத்ததற்குச் சிங்கப்பூரில் காகிதம் இல்லை. ஜெர்மன் ஒப்பந்தத்தையும் பணம் வந்த வங்கி அறிக்கையையும் அனுப்புகிறேன் என்றேன். அனுப்புங்கள், பார்க்கிறோம், உறுதி சொல்லமுடியாது என்றார்.

மதியம் தம்பி சாப்பிட வந்தபோது இருவரும் எங்கள் மசேநிதிக் (மத்திய சேமநிதி) கணக்கை அருகருகே வைத்துப் பார்த்தோம். அவன் சம்பளத்தில் 20 சதவீதம் அவன் பங்கு, 17 சதவீதம் முதலாளி பங்கு, ஆக 37 சதவீதம் மாதாமாதம் அவன் கணக்கில் விழுகிறது. வீட்டுக் கடன் தவணை அதிலிருந்தே போகிறது. எனக்கு இரண்டு வருடமாக ஒன்றுமில்லை. இங்கேயே இருந்து சொந்தமாகத் தொழில் செய்தாலும் நிகர வருமானம் ஆண்டுக்கு 6,000 வெள்ளியைத் தாண்டினால் மருத்துவச் சேமிப்புக் கணக்கான மெடிசேவுக்கு மட்டும் கட்டாயம் கட்டவேண்டும், மற்றக் கணக்குகள் நம் பொறுப்பு. மருத்துவக் காப்புறுதியான மெடிஷீல்ட் லைஃப் சந்தாவோ நான் எந்த நாட்டில் இருந்தாலும் மெடிசேவிலிருந்து கழிந்துகொண்டேயிருக்கிறது, சியாங் மாய் மருத்துவமனைச் செலவை நானேதான் கட்டினேன்.

வெளியே வாடகை குறைவு, மாதம் இவ்வளவு மிச்சம் என்று கணக்குப் போட்டுத்தான் ஊரைவிட்டுப் போனேன். மிச்சம் பிடித்ததும் உண்மை. அந்தக் கணக்கில் இந்த 37ஐ நான் சேர்க்கவேயில்லை. கிளம்பப்போகிறவர்கள் தயவுசெய்து சேர்த்துப் பாருங்கள். சம்பளத்தில் பிடிப்பதை இழப்பு என்று நினைக்கும் வயதில்தான் நாம் எல்லோரும் இந்த முடிவை எடுக்கிறோம்.

ஆறாம் நாள், சனி

60ஆவது தேசிய தினம். பாடாங் திடலில் அணிவகுப்பு, நாங்கள் தொலைக்காட்சியில். தம்பி மனைவி மீ கோரெங் செய்திருந்தார், அம்மா பாயசம். கணினியை நான் திறக்கவே இல்லை. பெரியவன் சிவப்புச் சட்டை போட்டுக்கொண்டு என் மடியில் வந்து உட்கார்ந்து, "அத்தை, நீங்க இப்ப எந்த நாட்டு ஆளு?" என்று கேட்டான். சிங்கப்பூர்தான்டா. "அப்ப ஏன் உங்க பெட்டியை அவுக்கவே இல்ல?"

பெட்டி ஆறு நாளாக ஹால் மூலையில் மூடியபடி இருக்கிறது. தேவையானதை மட்டும் உருவி எடுத்துவிட்டு மறுபடி ஜிப்பைப் போட்டுவிடுவேன். பழக்கம். அவன் சொல்லும்வரை எனக்கே தெரியாது.

ஏழாம் நாள், ஞாயிறு

மாலை தேக்கா, அதாவது லிட்டில் இந்தியா. ஞாயிற்றுக்கிழமை தேக்காவைப் பற்றி நான் சொல்லித் தெரியவேண்டியதில்லை, விடுமுறை கிடைத்த ஊழியர்கள் எல்லாத் திசையிலிருந்தும் வந்து சேர்ந்து, சிராங்கூன் ரோட்டில் நடக்க இடமிருக்காது. பணம் அனுப்பும் கடைகளில் வரிசை, புல்தரையில் வட்டம் வட்டமாக நண்பர்கள், எல்லோர் கையிலும் காணொளி அழைப்பு. தேக்கா நிலையத்தில் தோசை வாங்கிக்கொண்டு இடம் தேடியபோது ஒரு தம்பி தன் பையை நகர்த்தி இடம் கொடுத்தார். ஊர் புதுக்கோட்டை, ஆலங்குடிப் பக்கம். கட்டுமானத்துறை, இங்கே வந்து ஆறு வருடம்.

பேச்சுவாக்கில் என் வேலையைச் சொன்னதும் அவர் தோசையைக் கீழே வைத்துவிட்டார். "அக்கா, இந்த வீட்ல இருந்தே கம்ப்யூட்டர்ல வேலைங்கிறது நெசந்தானா?"

ஊரில் அவருடைய மச்சானுக்கு நடந்ததைச் சொன்னார். கைப்பேசியில் செய்தி வந்திருக்கிறது, வீட்டிலிருந்தே வேலை, ஓட்டல்களுக்கு நட்சத்திரம் போட்டால் போதும், நாளைக்கு 3,000 ரூபாய். முதல் இரண்டு நாள் நிஜமாகவே சில நூறு ரூபாய் வந்திருக்கிறது. அப்புறம் பெரிய வேலை வேண்டுமென்றால் முன்பணம் கட்டு என்றிருக்கிறார்கள். மூன்று தடவையாக 18,000 ரூபாய். அது இந்தத் தம்பி இங்கிருந்து அனுப்பிய பணம். "அவன் என்னைய மாரி வெளிநாடு வந்து வெயில்ல நிக்க வேணாம்னுதான் நான் சரின்னு சொன்னேன்."

எனக்குக் கோபம் அடங்கவே இல்லை. கடற்கரை நாற்காலியில் மடிக்கணினியை வைத்துப் படம் போட்டு ஆசை காட்டுகிறவர்களுக்கும், இந்த ஏமாற்றுக்காரர்களுக்கும் நடுவில் நடக்கும் தூரம் அதிகமில்லை. என்ன வேலை தெரியும் என்பதை முதலில் கேட்காமல், எங்கிருந்து வேண்டுமானாலும் செய்யலாம் என்பதை மட்டும் முதலில் சொல்கிற எவரையும் நம்பவேண்டாம் என்று சொன்னேன். எனக்கு இந்த ஒப்பந்தம் கிடைத்தது, ஆறு வருடம் அலுவலகத்தில் உட்கார்ந்து தொழில் கற்று, அங்கே கூட வேலை பார்த்தவர் ஒருவர் கைகாட்டிவிட்டதால். வேலை கொடுக்கிறவன் நம்மிடம் பணம் கேட்கவே மாட்டான், கேட்டால் அது வேலை இல்லை. மச்சான் என்ன படித்திருக்கிறார்? பி.காம். அப்படியென்றால் புதுக்கோட்டையிலோ திருச்சியிலோ ஓர் ஆடிட்டரிடம் சேர்ந்து இரண்டு வருடம் கணக்குப் பார்க்கச் சொல்லுங்கள், வரி தாக்கல், கணக்கு மென்பொருள் எல்லாம் கையில் பழகட்டும், அதன் பிறகு வீட்டிலிருந்து செய்கிற வேலை தேடலாம் என்றேன். அவர் கைப்பேசியை நீட்டி, அதையே குரல் பதிவாகச் சொல்லச் சொன்னார். சொன்னேன், இரண்டு தடவை, நிதானமாக.

பிறகு அவர் என்னைக் கேட்டார், பிடிக்காவிட்டால் நீங்கள் வேறு கம்பெனிக்கு மாறிக்கொள்ளலாமா என்று. மாறலாம் என்றேன். "எங்களுக்கு பெர்மிட்டு கம்பெனி பேர்ல இருக்குக்கா." அவ்வளவுதான் சொன்னார். எனக்கு ரயிலில் திரும்பி வரும்போதெல்லாம் அதே வரி. அவரையும் என்னையும் ஒரே தட்டில் வைக்க எனக்கு வாய் வராது. ஆறு வருடத்தில் இரண்டு தடவை ஊருக்குப் போயிருக்கிறார்.

எட்டாம் நாள், திங்கள்

காலை 10:30க்கு லார்க்கினிலிருந்து பினாங்கு பேருந்து. 4 மணிக் கூட்டம் வழியில், ஈப்போவுக்கு முன்னால் எங்கேயோ வரும். இன்று வரமுடியாது என்று நேற்றே எழுதிவிட்டேன்.

ஏழு மணிக்குப் பெட்டியை எடுத்துவைத்தேன். சார்ஜரைத் தேடி அம்மாவின் அலமாரியைத் திறந்தபோது கீழ்த்தட்டில் ஒரு பிளாஸ்டிக் பை. உள்ளே வெட்டி வைத்த ரவிக்கைத் துணிகள், ஒவ்வொன்றிலும் ஊசி குத்திய துண்டுச் சீட்டு: எதிர் வீட்டு ஆன்ட்டி, பத்தாம் மாடி, மணப்பெண் அக்கா. மணப்பெண்ணின் சீட்டில் தேதி ஆகஸ்ட் 8.

"அம்மா, இதெல்லாம் தைக்கவேண்டியதா?"

"ஆமா."

"எட்டாம் தேதின்னு போட்டிருக்கே."

"சொல்லிட்டேன் அவங்ககிட்ட. பதினஞ்சுக்குத் தரேன்னு. மகள் வந்திருக்கா, வேலை பாக்குறான்னு சொன்னேன்."

எட்டு நாளாக அந்த மெஷின் மேல் என் கணினி. நூலகம், கஃபே, கூண்டு என்று வெளியே போன நாளிலும் அதன் மேல்தான் என் நோட்டும் சார்ஜரும் ஹெட்செட்டும் பரப்பிக் கிடந்தன. அம்மா ஒரு வார்த்தை கேட்கவில்லை. நானும் ஒரு தடவைகூடக் கேட்கவில்லை, நீங்கள் எங்கே தைக்கிறீர்கள் என்று.

தம்பியிடம் சொல்லியிருக்கிறேன், நவம்பரிலிருந்து இந்தப் பக்கம் ஓர் அறை பார்க்கச் சொல்லி. 6 மாதம். ஆயிரம் வெள்ளிக்குக் குறைந்து யாரும் சொல்லவில்லை, பரவாயில்லை. சன்னலோரம் மேசை போட இடம் இருக்கவேண்டும், கதவு சாத்தவேண்டும், அவ்வளவுதான் நிபந்தனை. இங்கே இருந்து செய்கிற வேலைக்கு இங்கேயே வரி மதிப்பீடு வரும், மெடிசேவும் கட்டுவேன். வீட்டுக்கு அதை வைத்து எப்போது விண்ணப்பிக்க முடியும் என்பது அடுத்த வருடக் கதை.

துண்டை மடித்து வைத்தேன். கீழே குனிந்து பெடலில் அம்மா போட்ட முடிச்சை அவிழ்த்தேன், இரண்டாவது முடிச்சு இறுகிப்போய் பல்லால் கடிக்கவேண்டியிருந்தது. அம்மா பலகையைத் திறந்து மெஷின் தலையைத் தூக்கி நிறுத்தினார், சக்கரத்தில் பெல்ட்டை மாட்டினார், பெட்டியிலிருந்து சிவப்பு நூல் கண்டை எடுத்தார்.

"தைம்மா, நான் கிளம்பறேன். கீழ வரவேண்டாம்."

"போய் சேந்ததும் போன் பண்ணு."

காரிடாரில் பெட்டியை இழுத்துக்கொண்டு லிஃப்டுக்கு வந்து நின்றேன். இரண்டு கொடிகளுக்கு நடுவில் எங்கள் வீட்டுச் சன்னல் திறந்திருந்தது. லிஃப்ட் வரும்வரை மெஷின் ஓடும் சத்தம் கேட்டுக்கொண்டிருந்தது, நடுவில் நிற்கவே இல்லை.